மாமியார் வேடம்

படத்தில் மாமியார் வேடம் லவோனுக்குப் போன நாளிலிருந்து இமோஜீனுக்குச் சாப்பாடு இறங்கவில்லை. இருவரும் அக்கா தங்கை பெற்ற பிள்ளைகள். லக்கோட்டா பழங்குடி முறைப்படி உடன்பிறந்தவர்களேதான். வேடத்துக்கு ஆசைப்பட்டவள் இமோஜீன். நடிகர் தேர்வுக்குப் போனபோது தங்கையைச் சும்மா துணைக்கு அழைத்துப் போனாள். இயக்குநர் கோல்பிக்குத் துணைக்கு வந்தவளின் முகம்தான் பிடித்தது.

ஓடைக்கரையில் தோல் கூடாரங்கள் அடித்துப் படப்பிடிப்பு நடந்தது. இமோஜீன் கூட்டத்தில் ஒருத்தியாக, கையில் காப்பிக் கோப்பையோடு போர்வைக்குள் உட்கார்ந்திருந்தாள்.

"காப்பிய ஏன் முறைக்கிறக்கா? உன் வேஷத்த அதுவா பிடுங்கிச்சு?" என்றாள் பக்கத்தில் இருந்த ரீட்டா.

"நீ வாயத் தொறக்காத. உன் பல்செட்டப் பாத்தா இது பழைய காலத்துக் கதைன்னு எவன் நம்புவான்?"

அன்று காலை, மருமகனாக நடிக்க வந்தவன் குதிரையிலிருந்து விழுந்து காலைச் சுளுக்கிக்கொண்டான். அந்த இடத்தில் டெல்பர்ட்டை நிறுத்தினார் கோல்பி. டெல்பர்ட், லவோனின் சொந்த மகளைக் கட்டியவன். கல்யாணமான நாள் முதல் மாமியாரை அவன் நிமிர்ந்து பார்த்ததில்லை. ஒரு வார்த்தை பேசியதில்லை. அவர்கள் இனத்தில் மாமியாருக்கு மரியாதை என்றால் அதுதான். கதையிலோ இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து பேச வேண்டும். லவோன் தரையைப் பார்த்தாள். டெல்பர்ட் தன் செருப்பைப் பார்த்தான். இயக்குநரிடம் எடுத்துச் சொல்ல இருவருக்கும் கூச்சம்.

இமோஜீன் எழுந்து கோல்பியிடம் போனாள். தங்கைக்காக எழுந்ததாகத் தன்னிடமே பொய் சொல்லிக்கொள்ள அவளால் முடியவில்லை.

"தம்பி, அவங்க நிஜமாவே மாமியார் மருமகன். நேருக்கு நேர் பேச மாட்டாங்க. லவோன மாத்திடுங்க. வசனம் எனக்கு மனப்பாடம்."

கோல்பி கையிலிருந்த வசனத்தாளைப் புரட்டினார். "அந்தக் காலத்துல எப்படிம்மா? அப்போ பேசிக்குவாங்களா?"

பேசுவார்கள் என்று ஒரு சொல் சொன்னால் போதும். காட்சி மாறாது, வேடம் அவளுடையது. அவள் வாயைத் திறந்தாள். போர்வைகளுக்குள்ளிருந்து அத்தனை பேரும் அவளையே பார்த்தார்கள். லவோன் மட்டும் தலை நிமிரவில்லை.

"மாட்டாங்க," என்றாள் கடைசியில். "நடுவுல ஒருத்தர் உக்காந்து இவர் சொல்றத அவங்ககிட்ட சொல்லுவாங்க."

கோல்பியின் முகம் மலர்ந்தது. "அப்படியே எடுத்துடலாம். நடுவுல நீங்க உக்காருங்க. கேமராவுக்கு முதுகு காட்டி."

லவோன் அவள் கையைப் பிடித்தாள். "நல்லவேளை நீ சொன்னக்கா. எனக்கு நாக்கே எழும்பல."

இமோஜீன் கையை விடுவித்துக்கொண்டு போய் உட்கார்ந்தாள். டெல்பர்ட் நெருப்பைப் பார்த்துத் தன் வசனத்தைச் சொன்னான். "மான்கறி கொண்டாந்திருக்காராம், அம்மா சாப்பிடணுமாம்," என்று அவள் தங்கையிடம் சொன்னாள். போர்வையைப் பாதி முகத்துக்கு இழுத்துக்கொண்டு லவோன் கண் தாழ்த்தினாள். இத்தனை நாளும் கண்ணாடி முன் நின்று இமோஜீன் பழகியதில் எதுவும் அப்படி வந்ததில்லை.

"அருமை," என்றார் பின்னாலிருந்து கோல்பி. "இன்னொரு தடவ எடுக்கலாம். இமோஜீன் அம்மா, கொஞ்சம் இடது பக்கம் நகருங்க. உங்க தோள் அவங்க முகத்த மறைக்குது."

அவள் காதில் விழாதவள்போல் அசையாமல் இருந்தாள்.

"அம்மா?"

நகர்ந்தாள்.