ஒரே சுவர்

“மழ எறங்குது தாயி, தேயிலைக்குள்ள பாத வழுக்கும். பெட்டிய மூடிறலாமா?”

காரியங்களை முன்னின்று நடத்திய பொன்னையா மறுபடியும் கேட்டதும், கிருஷாந்தி செருப்பைக்கூட மாட்டாமல் தோட்ட லயத்தில் அடுத்த வீடான சித்தப்பாவின் காம்பராவுக்கு ஓடினாள். இறந்துபோன அப்பாவுக்கு ஆண் பிள்ளை இல்லை. அவருடைய தம்பி கணேசமூர்த்திதான் முதல் பிடி மண் போட வேண்டும்.

சித்தப்பா வெள்ளை வேட்டி கட்டி, தலை சீவி, தயாராகத்தான் உட்கார்ந்திருந்தார். ஆனால் எழுந்திருக்கவில்லை.

“நா கூப்புடாம என் வாசப்படிய மிதிக்காதன்னு சொன்னாரு ஒங்கப்பா. கூப்புட்டாரா?”

“செத்தவரு எப்புடி சித்தப்பா கூப்புடுவாரு? சாவு வீட்டுக்கு யாராச்சும் அழைப்பு கேப்பாங்களா?”

லயத்துக்குப் பின்னாலிருந்த ஒரு துண்டு லீக்ஸ் பாத்திக்காக இத்தனை காலம் முகத்தைத் திருப்பிக்கொண்டது போதாதா? அவளுக்கு அழுகையைவிடக் கோபம்தான் வந்தது. கைப்பேசியில் தான் எடுத்த குறும்படத்தை ஓடவிட்டு அவர் மடியில் வைத்தாள்.

அதில் கதை கிடையாது, வசனம் கிடையாது. இரண்டு காம்பராவுக்கும் பொதுவான சுவரில் இந்தப் பக்கம் சித்தப்பாவும் அந்தப் பக்கம் அப்பாவும் சாய்ந்து உட்கார்ந்திருந்தார்கள். ஒரே நேரத்தில் இரண்டு கேமராவில் எடுத்துப் பக்கத்தில் பக்கத்தில் ஒட்டியிருந்தாள். “சண்டையில்ல, பாட்டில்ல. செவுத்தப் பாக்க எவன் வருவான்?” என்று கேலி செய்த அப்பா, படத்தைப் பார்க்காமலே போய்விட்டார்.

திரையில் சித்தப்பா ரேடியோவைப் போட்டார். கூரைவரை எட்டாத சுவர். பாட்டு அந்தப் பக்கமும் போனது. அப்பா தொடையில் தாளம் போட்டார். சட்டென்று பாட்டு நின்றது. அப்பாவின் விரல்களும் நின்றன. கொஞ்ச நேரம் பொறுத்தவர், மெல்லத் திரும்பிக் காதைச் சுவரில் வைத்தார். பாட்டு மறுபடி கேட்கும்வரை அப்படியே இருந்தார்.

“பெட்டரிதான் மாத்துனேன்,” என்றார் சித்தப்பா, யாருக்கோ சமாதானம் சொல்வதுபோல. “வேற ஒண்ணுமில்ல. பெட்டரிதான்.”

எழுந்து நடந்தார். அண்ணன் வீட்டு வாசலில் நின்றவர்கள் விலகினார்கள். படியில் சற்றுத் தயங்கி உள்ளே வந்தார். கிருஷாந்தியின் அம்மா வாய்க்கரிசித் தட்டை நீட்டினாள். அவர் அதை வாங்கவில்லை. பெட்டிக்குள் குனிந்து அண்ணனைப் பார்த்தார்.

“கழுத்துப் பட்டனப் போடாம விட்டுட்டீங்களே அண்ணி. இவருக்குப் பனி ஒத்துக்காதே.”

தானே போடப் பார்த்தார், பொத்தான் துளைக்குள் போவேனா என்றது. பொன்னையா கையிலிருந்த மூடியை ஓரமாகச் சாய்த்துவிட்டு வெளியே போனார்.