தயங்கிய கால்

கணினித் திரையின் மூலையில் சிவப்புப் புள்ளி ஒன்று மின்னியதும், கண்காணிப்பாளர் டீக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். எந்த வண்டி என்று பார்த்தவளுக்கு ஆச்சரியம். பஞ்சுவின் வண்டி.

அந்த நிறுவனத்தின் சரக்கு லாரிகள் எல்லாவற்றிலும் தீப்பெட்டி அளவில் ஒரு கருவி பொருத்தி ஏறக்குறைய ஒரு வருடம் ஆகிறது. வண்டி எவ்வளவு வேகத்தில் போகிறது, எப்படித் திரும்புகிறது, எங்கே சடன் பிரேக் அடிக்கிறது என்று ஒன்று விடாமல் அது அலுவலகத்துக்குக் கோள் சொல்லிவிடும். காப்பீட்டு நிறுவனத்துக்கும் அதே தகவல் போகும். நிதானமாக ஓடும் வண்டிகளுக்குக் காப்பீட்டுக் கட்டணத்தில் சலுகை உண்டு. அதை வாங்கிக் காட்டுகிறேன் என்று முதலாளியிடம் அடித்துச் சொன்னவள் கண்காணிப்பாளர்தான். சொன்னபடி வாங்கியும் காட்டினாள்.

அதற்கு அவள் கண்டுபிடித்த வழி மார்க். சடன் பிரேக் அடித்தால் திரையில் சிவப்புப் புள்ளி விழும், மார்க் குறையும். மார்க் குறைந்தவருக்கு நல்ல ட்ரிப் கிடைக்காது. முதல் மார்க் எடுத்தவரின் புகைப்படம் அலுவலகச் சுவரில் தொங்கும். சிவப்புப் புள்ளி விழுந்த வண்டி எங்காவது நின்றதும் அவளுடைய போன் போய்விடும். ஓட்டுநர்கள் முகத்துக்கு நேராக அவளை மேடம் என்றார்கள். முதுகுக்குப் பின்னால் பிரேக் அக்கா.

பஞ்சு அங்கே மூத்த ஓட்டுநர். இன்ஜின் மேல் தளும்பத் தளும்ப ஒரு டம்ளர் தண்ணீரை வைத்தாலும் சிந்தாமல், பஞ்சு போல மெத்தென்று வண்டியைக் கொண்டுபோய்ச் சேர்ப்பார் என்பதால் வந்த பட்டப்பெயர் அது. சுவரில் பல மாதமாகச் சிரித்துக்கொண்டிருந்தது அவர் முகம்தான்.

வண்டி பெட்ரோல் பங்கில் நின்றதும் போன் போட்டாள்.

"என்னண்ணே, நீங்களே இப்படிப் பண்ணலாமா?"

"குறுக்க ஒரு குழந்தை ஓடி வந்துடுச்சு மேடம். வேற வழி தெரியல."

"எல்லாரும் ஒரு காரணம் சொல்றீங்கண்ணே. மெஷினுக்குக் குழந்தையும் தெரியாது, கிழவனும் தெரியாது. தூரத்துலயே பார்த்து மெதுவா நிறுத்தியிருக்கணும்."

"சரிங்க மேடம்" என்றார்.

அந்தக் குழந்தைக்கு என்ன ஆயிற்று என்று அவள் கேட்கவில்லை. கேட்கவேண்டும் என்று தோன்றவும் இல்லை. எழுந்துபோய் அவர் புகைப்படத்தைக் கழற்றி மேஜை டிராயரில் போட்டாள். விதி என்றால் எல்லோருக்கும் விதிதானே என்று தனக்குத்தானே சமாதானமும் சொல்லிக்கொண்டாள்.

அதற்குப் பிறகு பஞ்சுவின் வண்டியிலிருந்து ஒரு சிவப்புப் புள்ளிகூட வரவில்லை. விபத்து நடந்த அன்றும் வரவில்லை.

மார்க்கெட் தெரு முனையில் அவருடைய லாரி ஒரு சைக்கிளை இடித்துவிட்டது. சைக்கிளில் வந்தவர் தையல்காரர். உயிருக்கு ஆபத்தில்லை. ஆனால் வலது கை மணிக்கட்டு நொறுங்கிவிட்டது. கத்திரி பிடிக்கிற கை. இனி அது பழையபடி வேலை செய்யுமா என்று மருத்துவர்களாலேயே உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

முதலாளி அவளைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். "பிரேக்கே ஒழுங்கா அடிக்கலம்மா அவன். தூங்கியிருப்பான். அப்படியே ரிப்போர்ட் எழுதிடு. ஆளை வீட்டுக்கு அனுப்பிட்டோம்னா காப்பீட்டுக்காரங்களும் வாயைத் திறக்க மாட்டாங்க. சலுகையும் நம்ம கைய விட்டுப் போகாது."

தூங்கினார் என்று எழுதினால் பஞ்சுவின் வேலை மட்டுமல்ல, லைசென்ஸும் போய்விடும். அந்த வயதில் வேறு யார் அவரைச் சேர்த்துக்கொள்வார்கள்? அவள் தன் இடத்துக்குத் திரும்பி வந்து, கருவி அனுப்பிய வேக வரைபடத்தை மறுபடி மறுபடி பார்த்தாள். தூங்கிய ஆள் என்றால் வேகம் குறைந்தே இருக்காது. இங்கே குறைந்திருந்தது. ஆரம்பத்திலிருந்தே பிரேக்கில் கால் இருந்திருக்கிறது. தண்ணீர் டம்ளர் சிந்திவிடக் கூடாது என்பது போல, அவ்வளவு மெதுவாக.

அவள் மருத்துவமனைக்குப் போனபோது பஞ்சு வராந்தாவில், தையல்காரரின் அறைக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். அவளைக் கண்டதும் எழுந்தார்.

"தூங்கிட்டீங்களாண்ணே?"

"இல்ல மேடம். சைக்கிள் குறுக்க திரும்பினது நல்லாவே தெரிஞ்சுது. காலும் பிரேக்குக்குப் போயிடுச்சு. ஓங்கி மிதிக்கப் போறப்போ..." அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "உங்க போன் ஞாபகம் வந்துடுச்சு. மெதுவா மிதிச்சாலே நின்னுடும்னு ஒரு நப்பாசை. கால் தயங்கிடுச்சு மேடம். தப்பு என்னோடதுதான். உங்களைக் குத்தம் சொல்லல."

குற்றம் சொல்லியிருந்தால்கூடத் தாங்கிக்கொண்டிருப்பாள். அவளுக்கு அவமானமாக இருந்தது. எங்கே பார்ப்பது என்று தெரியாமல் மூடியிருந்த கதவைப் பார்த்தாள்.

"அன்னிக்கு அந்தக் குழந்தை... அடி எதுவும் படலையே?"

இந்தக் கேள்விக்காகவே இத்தனை நாள் காத்திருந்தவர் போல அவர் சட்டென்று நிமிர்ந்தார். "ஒரு கீறல்கூட இல்ல மேடம். அதோட அம்மா ஓடி வந்து தூக்கிட்டுப் போனாங்க."

மறுநாள் காப்பீட்டு அதிகாரி வந்தார். முதலாளி அவளைப் பார்த்துக் கண்ணைக் காட்டினார். அவள் அதைக் கவனிக்காதவள் போல ஆரம்பித்தாள்.

"டிரைவர் தூங்கல சார். சடன் பிரேக் அடிக்கப் பயந்திருக்கார். அந்தப் பயத்தைக் குடுத்தது நான்."

முதலாளி முகத்தில் ஈயாடவில்லை. அதிகாரி பேனாவை மூடி வைத்தார். "நாங்க கேட்டது கவனமா ஓட்டுறதைம்மா. பிரேக்கே அடிக்காம ஓட்டுறதை இல்ல."

"ரெண்டும் ஒண்ணுதான்னு நான் சொல்லிக் குடுத்துட்டேன் சார். ஏன் பிரேக் அடிச்சீங்கன்னு திட்டினேனே தவிர, யாருக்காக அடிச்சீங்கன்னு ஒரு தடவைகூடக் கேக்கல. மெஷின் சொல்றதை வெச்சு ஆபத்து எங்கே இருக்குன்னு தேடியிருக்கணும். நான் திட்டுறதுக்கு ஆளைத் தேடினேன். மார்க்கைக் காப்பாத்துறதா மனுஷனைக் காப்பாத்துறதான்னு டிரைவரை நடுரோட்டுல யோசிக்க விட்டா, அந்த யோசனைக்கு ரோட்டுல போறவர்தான் கை காலைக் குடுக்கணும்."

அறிக்கையில் நடந்தது நடந்தபடி பதிவாயிற்று. தையல்காரருக்குச் சேரவேண்டிய இழப்பீடு தடங்கல் இல்லாமல் கிடைத்தது. ஆனால் அவருடைய விரல்கள் முழுதாக மடங்கவில்லை. அதை எந்த அறிக்கையாலும் சரிசெய்ய முடியாது. சலுகை கைநழுவிப் போனது. முதலாளி பல நாள் அவளோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. பஞ்சு கொஞ்ச காலம் ஓட்டாமல் இருந்துவிட்டு, மறுபடி பயிற்சி எடுத்துக்கொண்டு வண்டி ஏறினார். சுவரில் இப்போது யார் படமும் இல்லை.

அவர் திரும்பி வந்த வாரத்திலேயே திரையில் சிவப்புப் புள்ளி மின்னியது. அவருடைய வண்டிதான். நின்றதும் போன் போட்டாள். எடுத்தவர், திட்டு வாங்கத் தயாராக, "சொல்லுங்க மேடம்" என்றார்.

"யாருண்ணே குறுக்க வந்தது?"

"ஒரு பெரியவர், மேடம். காது கேக்கல போல."

"நல்லா இருக்காரா?"

"நடந்து போயிட்டிருக்கார் மேடம். இதோ, தெருவைத் தாண்டிட்டார்."

"அது போதும்ணே" என்றாள் அவள்.