விஷக்காரிக்குக் கொடுத்த பாட்டு

1

இது நானாக யோசித்த கதை இல்லை. பிரேசிலில், சாவோ பாவ்லோவில், எங்கள் தெருமுனை ரொட்டிக்கடையில் காபி குடித்துக்கொண்டே வால்மோர் சொன்னது. "எழுதித் தொலைச்சிராத தாயே" என்றும் சொன்னான். எழுதிவிட்டேன்.

முதல் தொடக்கம்: 'ராக் இசைக்கலைஞன் வால்மோரின் விரல்களில் ஒரு காலத்தில் இடி' — சே, அடித்துவிட்டேன். அவன் விரல்களில் இருந்தது கிதார் கம்பி தேய்த்த காய்ப்பு மட்டுந்தான்.

2

இருபது வருஷத்துக்கு முன்னால் வால்மோரும் ஜுரேமாவும் ஒரே குழு. அவன் கிதார், அவள் பாட்டு. குழு உடைந்ததும் அவன் சினிமாவுக்கும் டிவி தொடர்களுக்கும் இசையமைக்கப் போனான். [வயிற்றுப்பாட்டுக்கு என்று எழுதியிருந்தேன். அவனுக்கு அது பிடித்தும் இருந்தது, ஆகவே...]

எங்கள் தொடர்களில் ஒவ்வொரு பாத்திரத்துக்கும் தனி மெட்டு. ஆள் தலைகாட்டும் முன்பே மெட்டு வந்துவிடும். ஆள் செத்தால் மெட்டும் போய்விடும். புதுத் தொடரில், மாமியார் காபியில் விஷம் வைக்கும் ஒருத்தி, பத்தாம் நாள் சாகவேண்டியவள். பத்து நாளைக்கு எதற்கு மெனக்கெட வேண்டும் என்று, வெளிவராத பழைய பாட்டு ஒன்றைத் தூக்கி வைத்துவிட்டான் வால்மோர். அம்மாவைப் புதைத்த அன்று ஜுரேமா கட்டிய பாட்டு அது. அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

இங்கே தொடர் ஓட ஓடத்தான் கதை எழுதுவார்கள். சனங்களுக்கு விஷக்காரியை அவ்வளவு பிடித்துப்போயிற்று. பத்தாம் நாள் பிழைத்தாள், நூறாம் நாளும் பிழைத்தாள். (அவளைச் சாகடிக்காதீர்கள் என்று எழுதிப்போட்டவர்களில் நானும் ஒருத்தி. வாசகரே, முறைக்காதீர்கள்.)

3

ஜுரேமா ரொட்டிக்கடைக்கே வந்துவிட்டாள்.

"ஏண்டா, எங்கம்மா பாட்டைக் கேட்டா ஊரே 'காபியக் குடிக்காத'ன்னு கத்திச் சிரிக்குது. உனக்கு வெக்கமா இல்ல?"

"பத்து நாள்ல செத்துருவான்னு சொன்னாங்க, ஜுரேமா."

"பத்து நாளைக்குத் திருடினா திருட்டு இல்லியா?"

கல்லாவிலிருந்து கடைக்காரி ஜில்டா குறுக்கே விழுந்தாள். "அண்ணே, வெள்ளிக்கிழம தொடர்ல விஷக்காரிக்குக் கல்யாணம். அதுக்குள்ள கொன்னுகின்னு வெச்சிராதீங்க."

ஜுரேமா அவளைத் திரும்பிப் பார்க்கவில்லை. "சனிக்கிழம நான் பாடறேன். இருபது வருஷம் கழிச்சு. அம்மா பாட்டு இல்லாம மேடையேற மாட்டேன். சிரிச்சாங்கன்னா அதோட சரி, இனி வாயத் தொறக்க மாட்டேன். நீதான் கிதார் வாசிக்கிற. சிரிக்கிறவங்க உன் மூஞ்சியையும் பாத்துச் சிரிக்கட்டும்."

வால்மோருக்கு அவமானமாக இருந்தது. "வரேன்" என்றான்.

4

முடிவு ஒன்று: பாட்டைக் கேட்டுக் கூட்டம் மொத்தமும் அழுகிறது. (எனக்கே நம்பிக்கையில்லை.)

முடிவு இரண்டு: வெள்ளிக்கிழமையே, கல்யாண மேடையில் விஷக்காரி மயங்கி — வேண்டாம். அவள் செத்தாலும் மெட்டை யார் மறப்பார்கள்?

சனிக்கிழமை மாலை. சின்ன அரங்கு, முன்னூறு பேர் இருக்கும். வால்மோர் முதல் நாலு சுரங்களை வாசித்துவிட்டான். விஷக்காரி மெட்டு என்று அரங்கத்துக்கே தெரிந்துவிட்டது.

ஆறாவது வரிசையில் நான். சிரிப்பு முட்டிக்கொண்டு வருகிறது, வாயைப் பொத்திக்கொண்டிருக்கிறேன். இனி ஒரு வரி என்னால் எழுத முடியாது. பக்கத்து நாற்காலி காலியாகத்தான் இருக்கிறது, வந்து உட்காருங்கள். நீங்கள் சிரித்தால் நானும் சிரித்துவிடுவேன். ஜுரேமா வாயைத் திறக்கப்போகிறாள்.