வெளியே பூட்டிய வீடு

ஆவுடைத்தாய்க்கு வலது தோள்பட்டையில் ஆணி அடித்தாற்போல வலி. சாலைக் கடைத்தெரு ஓட்டலில் அண்டா தேய்க்கிற தோள் அது. சாம்பார் அண்டாவைச் சாய்த்து வைத்து, பாதி உடம்பை உள்ளே விட்டுத்தான் தேய்க்க வேண்டும். வெளியே வரும்போது தோள் தனியாக வரும், ஆள் தனியாக வருவாள். ஆனால் அன்றைக்கு அந்த வலி மேல் அவளுக்குக் கோபமில்லை. அதுதான் அவளைக் கல்யாணத்திலிருந்து காப்பாற்றியது.

கல்யாணம் அம்பாசமுத்திரத்தில், புருஷன் ஆறுமுகசாமியின் சித்தப்பா பேத்திக்கு. அவனும் இரண்டு பையன்களும் விடியுமுன்னே கிளம்பிப் போயிருந்தார்கள். "பஸ்ஸுல கம்பியப் புடிச்சுட்டு நிக்க எனக்கு ஆவாது" என்று முந்தின நாளே சொல்லிவிட்டாள். பாதி நிஜம். மீதிப் பாதியை அவள் யாரிடமும் சொல்லவில்லை. யாருமே இல்லாத வீட்டில் ஒரு பகல் இருந்து பார்க்க வேண்டும், அவ்வளவுதான். இதைப் போய் எப்படிச் சொல்வது? புருஷனோடு சண்டையா என்று கேட்பார்கள். இல்லையென்றால் தலையைத் தொட்டுப் பார்ப்பார்கள்.

ஆரியசாலைச் சந்தில் அவர்கள் வீடு ஒரு அறை, ஒரு அடுப்படி, பின்னால் ஒரு கதவு. அதற்குள் நாலு பேர். அவள் குளித்தால் ஒருவன் கதவைத் தட்டுவான், சாப்பிட உட்கார்ந்தால் ஒருவன் தண்ணீர் கேட்பான். அந்த அறை சும்மா இருந்து அவள் பார்த்ததே இல்லை. இந்தப் புதன்கிழமையும் சும்மா கிடைக்கவில்லை. கூட வேலை பார்க்கும் ஜெபமலர் இன்றைக்கு அவளுக்காக அண்டா தேய்க்கிறாள். ஜெபமலர் சர்ச்சுக்குப் போக வேண்டிய ஒரு ஞாயிற்றுக்கிழமை, இவள் அவளுக்காகத் தேய்க்க வேண்டும்.

பழைய சோற்றைப் பிழிந்து தட்டில் வைத்து, அடுப்படியில் அல்ல, அறையின் நட்டநடுவில் மின்விசிறிக்கு நேர் கீழே உட்கார்ந்தாள். அது ஆறுமுகசாமியின் இடம். முதல் வாய் வைத்தபோது போன் அடித்தது.

"ஏளா, வலி எப்படி இருக்கு?"

"இருக்கு. நீங்க போய்ச் சேந்தாச்சா?"

"தென்மலை தாண்டியாச்சு. தனியாக் கெடந்து என்ன செய்யப் போற? உலகம்மை அக்காட்ட சொல்லிட்டேன். விழிஞ்ஞத்துல இருந்து பஸ் ஏறிட்டாளாம்."

"அவுகள எதுக்கு அலைக்கழிக்கிய? எனக்கு ஒண்ணும் இல்ல."

"வலியோட கெடக்கவளுக்குத் துணை வேண்டாமா? நல்லாருக்கே கத!"

போனை வைத்துவிட்டான். உலகம்மை கெட்ட மனுஷி இல்லை. ஆனால் வந்தால் வாய் மூடாது. மருமகள் அடுப்பை அணைக்காததில் தொடங்கி, மகனுக்குத் துறைமுகத்தில் சம்பளம் தராத மேஸ்திரி வரை போய், திரும்பவும் மருமகளிடம் வந்து நிற்கும். நடுவில் இவள் மூன்று தடவை டீ போட வேண்டும்.

கையைக் கழுவினாள். பூட்டை எடுத்தாள். முன்கதவை வெளியே பூட்டிவிட்டு, பக்கத்துச் சந்து வழியாகச் சுற்றிப் பின்வாசலுக்கு வந்தாள். அங்கே துணி காயப்போட்டுக்கொண்டிருந்த பக்கத்து வீட்டு மலையாளப் பெண் ஸ்வப்னா பார்த்துவிட்டாள்.

"எந்தா சேச்சி? சொந்த வீட்டுல கள்ளன் மாதிரி?"

"மெதுவாப் பேசு. எங்க மதினி வருதாவ. கேட்டா நான் இல்லைன்னு சொல்லு."

"வழக்கா?"

"சண்டையும் இல்ல ஒண்ணும் இல்ல. இன்னிக்கு எனக்கு யாரும் வேண்டாம்."

ஸ்வப்னா கையிலிருந்த ஈரத்துணியை உதறிக் கொடியில் போட்டாள். "கொள்ளாம், நல்ல யோசனை" என்றாள். "எனக்கு இந்தப் புத்தி தோணலியே." அவள் வீட்டுக்குள் மாமியார் கூப்பிடும் குரல் கேட்டது. போய்விட்டாள்.

பின்கதவைச் சாத்திக் கொண்டி போட்டு, ஆவுடைத்தாய் மறுபடியும் தட்டின் முன் உட்கார்ந்தாள். சாப்பிட்டாள். பிறகு எழுந்து அப்பளம் பொரித்தாள். அந்த வீட்டில் அப்பளம் பொரித்தால் அவள் பங்குக்கு எப்போதும் உடைந்த தூள்தான் வரும். இன்றைக்கு ஒன்று பொரித்தாள், நின்றபடி தின்றாள், இன்னொன்று பொரித்தாள். காப்பி போட்டு, சூடு ஆறுவதற்குள் கடைசிச் சொட்டுவரை குடித்தாள். ஜன்னல் வழியாக ஒரு துண்டு வெயில் வந்து சாமி படத்துக்குக் கீழே விழுந்தது. இந்த நேரத்தில் அங்கே வெயில் வரும் என்பதே அவளுக்குத் தெரியாது. அதைப் பார்த்துக்கொண்டு கால் நீட்டிப் படுத்தாள். கூரையைப் பார்த்தாள். எதுவும் யோசிக்கவில்லை. பக்கத்துச் சரக்குக் கிட்டங்கியில் மூட்டை விழும் சத்தம் கேட்டது. தூக்குகிறவன் எவனோ, அவள் இல்லை.

"ஏட்டி ஆவுடை!"

முன்கதவு தடதடத்தது. ஆவுடைத்தாய் மூச்சைப் பிடித்துக்கொண்டாள்.

"பூட்டுல்லா கெடக்கு! எங்க போய்த் தொலஞ்சா?"

அடுத்து என்ன நடக்கும் என்று தெரிந்து, போனை அரிசி டின்னுக்குள் போட்டு மூடினாள். அது உள்ளேயிருந்து அடித்தது. அரிசிக்குள் புதைந்தும் ஊருக்கே கேட்கிற மாதிரி இருந்தது.

அது அடித்து ஓய்ந்தது. பிறகு ஸ்வப்னாவின் குரல். "சேச்சி மருந்து வாங்கப் போயி. வர லேட் ஆகும் கேட்டோ."

"போனை வீட்டுலயே போட்டுட்டா போனா, மூதி?" என்றாள் உலகம்மை. மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. "யாரு வீட்டுலயோ அப்பளம் பொரிக்காவ."

ஸ்வப்னா இருமிக்கொண்டே உள்ளே போய்விட்டாள்.

இனி போய்விடுவாள் என்று ஆவுடைத்தாய் காத்திருந்தாள். உலகம்மை போகவில்லை. வாசல்படியில் தொப்பென்று உட்கார்ந்தாள். முதுகு கதவில் சாய்ந்தது. பலகை லேசாக முனகியது. போன் வந்தது. உலகம்மை ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேசுவாள்.

"அக்கா, போய்ச் சேந்துட்டியா?" ஆறுமுகசாமியின் குரல். பின்னால் நாதஸ்வரம்.

"சேந்தாச்சு தம்பி."

"அவட்ட குடு."

"படுத்திருக்கா. ஒறங்குதா. எழுப்பாண்டாம்."

கதவுக்கு இந்தப் பக்கம் ஆவுடைத்தாய் வாயைப் பொத்திக்கொண்டாள். உலகம்மை பொய் சொல்லி அவள் கேட்டதில்லை. கொஞ்ச நேரத்தில் இன்னொரு போன். மருமகள்.

"அத்தே, பிள்ளை அழுதான். எப்போ வருவிய?"

"சாயங்காலம் ஆவும். இங்க இவ எந்திரிக்கவே முடியாமக் கெடக்கா. விட்டுட்டா வர முடியும்? நீயே பாத்துக்க."

அதன்பிறகு போன் வரவில்லை. அணைத்துவிட்டாள் போலிருக்கிறது. வெளியே தூக்குவாளி மூடி திறக்கும் சத்தம், ஏதோ மெல்லும் சத்தம், பிறகு ஒரு நீளமான ஏப்பம். அப்புறம் எதுவுமே இல்லை. வாய் ஓயாத மனுஷி, வாசல்படியில் பேசாமல் உட்கார்ந்திருந்தாள்.

ஆவுடைத்தாய் தவழ்ந்து போய்க் கதவோரம் உட்கார்ந்தாள். திறந்து கூப்பிட வேண்டும் என்று இருந்தது. அந்தப் படி ஓரடி அகலம்தான். மதியம்வரை வெயில் நேராக விழும். உலகம்மைக்கு முட்டு வலி. விழிஞ்ஞத்தில் அவள் படுப்பது அடுப்படியில், பேரப்பிள்ளையின் தொட்டிலுக்குக் கீழே. கூப்பிட்டால் உள்ளே வருவாள். வந்தால் இரண்டு பேருக்கும் வாய் திறக்கும். இவள் டீ போடுவாள், அவள் மருமகளைத் திட்டுவாள், இந்தப் பகல் எல்லாப் பகலையும் போல ஆகிவிடும். அவளுக்கும் போய்விடும், இவளுக்கும் போய்விடும்.

ஆவுடைத்தாய் திறக்கவில்லை. நெஞ்சு உறுத்தத்தான் செய்தது. உறுத்தலோடேயே திரும்பிப் போய், மின்விசிறிக்குக் கீழே படுத்து, நன்றாகத் தூங்கினாள்.

விழித்தபோது வெயில் சாமி படத்தை விட்டுப் போயிருந்தது. தோள் வலி அப்படியே இருந்தது. ஆனால் உடம்பு முழுக்க இல்லை, தோளில் மட்டும்தான் இருந்தது. வெளியே உலகம்மை, "யம்மா, முட்டு!" என்று முனகியபடி எழுந்தாள். கொண்டியில் ஏதோ மாட்டும் சத்தம் கேட்டது.

"சாள மீன் கொழம்பு மாட்டியிருக்கேன்" என்றாள், கதவைப் பார்த்து, சத்தம் போடாமல். "பூனை தட்டுமுன்னே எடுத்துரு. அப்பளத்தோட சாப்புட்டா நல்லாருக்கும்."

செருப்புச் சத்தம் சந்து முனைவரை போய் நின்றது. அங்கிருந்து குரல் மட்டும் வந்தது, இந்தத் தடவை உரக்க. "ஏ பொண்ணு, ஆவுடை வந்தா, நான் பகல் முழுக்கக் கூடவே இருந்தேன்னு தம்பிட்டச் சொல்லச் சொல்லு!"

"சொல்லுறேன் கேட்டோ!" என்றாள் ஸ்வப்னா.

ஆவுடைத்தாய் பின்வாசல் வழியாகச் சுற்றி வந்து பூட்டைத் திறந்தாள். வாளியில் குழம்பு பாதிக்கு மேலே இருந்தது. படி இன்னும் சுட்டது.

ராத்திரி ஆறுமுகசாமி வந்து, "அக்கா நல்லாப் பாத்துக்கிட்டாளா?" என்று கேட்டான்.

"பாத்துக்கிட்டாவ" என்றாள்.

ஜெபமலருக்குச் சொன்னபடி ஒரு ஞாயிற்றுக்கிழமை அண்டா தேய்த்துக் கொடுத்தாயிற்று. தூக்குவாளியைத்தான் இன்னும் விழிஞ்ஞத்துக்குக் கொண்டுபோகவில்லை. வெறும் வாளியாகக் கொடுக்க முடியாது. கூடவே வீட்டுச் சாவியையும் கொடுத்து, புருஷனையும் பையன்களையும் எங்காவது கூட்டிக்கொண்டு போக வேண்டும். அந்த வீட்டில், மின்விசிறிக்குக் கீழே, யாருமில்லாத ஒரு முழுப் பகல்: உலகம்மைக்கு அவள் கொடுக்க வேண்டிய கடன் அது. இன்னும் கொடுக்கவில்லை.