கொடிகாமத்தில் கவிழ்ந்த ரயில்

பாலேஸ்வரி பொன் மோதிரத்தைச் சந்தனக்கல்லில் தண்ணீர் விட்டு உரசி, அந்தத் தண்ணீரில் ஒரு துளியைத் தன் தமையனின் வாயில் விட்டாள். காலையில் வீட்டு வளவு மண்ணையும் கரைத்து ஊற்றியாயிற்று. விசுவலிங்கத்தாரின் மூச்சு மட்டும் போகவும் மனமின்றி, இருக்கவும் தெம்பின்றி இழுத்துக்கொண்டே கிடந்தது.

"பொன்னாசையும் இல்லை, மண்ணாசையும் இல்லை. இன்னும் என்னத்திலை மனம் கிடக்கோ, மச்சாள்?"

ஞானாம்பிகைக்குத் தெரியும். கணவரின் கண் அறை மூலையில் கிடந்த கதவுப் பலகையை விட்டு அசையவில்லை.

மனிதர் மலாயா ரயில் கந்தோரில் காலமெல்லாம் பேனா பிடித்தவர். ஒரு தண்டவாளத்தைத் தொட்டறியாதவர். பென்ஷனோடு ஊருக்கு வந்த கையோடு, சிங்கப்பூரில் வாங்கிய, சாவி கொடுத்தால் ஓடும் விளையாட்டு ரயிலுக்கு அந்தப் பலகையில் பாதை போடத் தொடங்கினார். பெட்டியில் வந்தபடி ஒரு வட்டம் போட்டிருந்தால் வில்லங்கமே இல்லை. ஆனால் வந்து பார்த்த சொந்தக்காரர் எல்லாரும் தங்கள் தங்கள் ஸ்டேஷனைத் தேடினார்கள். மீசாலையை விட்டால் அங்கே வாழ்க்கைப்பட்ட பாலேஸ்வரிக்குக் கோபம். சுன்னாகத்தை விட்டால் சம்பந்திக்கு மனத்தாங்கல். கடைசியில் ஞானாம்பிகையும் முகத்தை நீட்டினாள்.

"எல்லாற்றை ஊரும் இருக்கு. நான் பிறந்த கொடிகாமம் மட்டும் இல்லை."

அவர் சுருட்டுப் பெட்டியில் ஒரு கொடிகாமம் செய்து, இடமில்லாத மூலையில் செருகினார். அதைத் தொட்டுக்கொண்டு போகவேண்டுமென்று தண்டவாளத்தைக் கையாலேயே நெளித்தார். அன்றிலிருந்து ரயில் ஒரு சுற்று முழுதாக ஓடியதில்லை. கொடிகாமத்துக்குப் போனதும் குப்புற விழும். அந்த ஸ்டேஷனைக் கழற்றச் சொன்னால் மனிதருக்குக் காது கேளாது. "நாளைக்குச் சரி வரும்" என்பார்.

ஞானாம்பிகை எழுந்து பலகையருகே போனாள்.

"என்ன மச்சாள் செய்யிறியள்? உயிர் போற நேரத்திலை விளையாட்டே?"

"ஓம். விளையாட்டுத்தான்."

சுருட்டுப் பெட்டியைத் தூக்கிக் கீழே வைத்தாள். நெளிந்த தண்டவாளத்தைப் பிடுங்கி, ரயில் வந்த பெட்டியில் மிஞ்சிக் கிடந்த வளைவுகளைப் பொருத்தினாள். பழக்கமில்லாத கை, மூட்டு கவ்வ மறுத்தது. நகம் பிய்ந்தது. அதற்குள் அவர் மூச்சு நின்றுவிடுமோ என்ற பயத்தில் அவளுக்கு வியர்த்துக் கொட்டியது. ஒருவழியாகப் பொருந்தியதும் சாவியை முறுக்கினாள்.

"இஞ்சாருங்கோ, இஞ்சை பாருங்கோ."

ரயில் புறப்பட்டது. மீசாலையைத் தாண்டி மூலைக்குப் போய்ச் சற்றே சரிந்து, நிமிர்ந்து, வளைந்து வந்தது. விசுவலிங்கத்தாரின் கண் அதன் பின்னாலேயே ஒரு சுற்றுப் போய் வந்தது. அடுத்த சுற்றில் ரயில் மட்டும்தான் போனது.

பாலேஸ்வரி தலையில் அடித்துக்கொண்டு ஒப்பாரி எடுத்தாள். ஞானாம்பிகைக்கு அழுகை வரவில்லை. அப்பாடா என்றிருந்தது. அப்படி இருந்ததற்காக அவள் வெட்கப்படவும் இல்லை. அவர் கண்களை மெல்ல மூடிவிட்டாள்.

பின்னேரம் கொடிகாமத்திலிருந்து அவளுடைய அண்ணன் வந்தார். கூடத்தில் கிடத்தியிருந்த மைத்துனரைப் பார்த்து அழுதுவிட்டு, தங்கையைத் தேடி அறைக்குள் வந்தவர் பலகையைப் பார்த்து நின்றார்.

"பிள்ளை, எங்கடை கொடிகாமம் எங்கை?"

"கழட்டிப்போட்டன், அண்ணை."

"இப்ப ஓடுதே?"

"ஓம்."

அவர் பலகையருகே வந்தார். வெளியே பறை முழங்கத் தொடங்கியது.

"ஒருக்கா விட்டுப் பாக்கட்டே?"

"விடுங்கோ."

அண்ணன் குனிந்து சாவியை முறுக்கினார். பூமாலையிலிருந்து உதிர்ந்த இதழொன்று தண்டவாளத்தில் கிடந்தது. ஞானாம்பிகை அதை எடுத்துவிட்டு, சேலைத் தலைப்பையும் ஒதுக்கிப் பிடித்துக்கொண்டாள்.