பீரோவுக்குள் பூட்டிய கேமரா

எங்கள் அம்மா டாக்குமெண்டரி எடுப்பவள். அக்கா பிறந்த அன்றே அவளை வைத்து ஒரு படத்தைத் தொடங்கினாள். இருபத்து நான்கு வருடமாகியும் அது முடிந்தபாடில்லை. அக்காவின் முதல் பல், முதல் பொய், கணக்கில் வாங்கிய முட்டை எல்லாம் அதில் உண்டு. அப்பாவுக்கு ஒலிப்பதிவு. எனக்குப் பன்னிரண்டு வயதானதும் நீளக் கோலில் மாட்டிய மைக்கைக் கையில் கொடுத்துவிட்டார்கள்.

அக்கா ஒருவரைக் காதலித்தாள். பேக்கரியில் ரொட்டி சுடுபவர். ஞாயிற்றுக்கிழமை அவரை அழைத்து வருவதாகச் சொன்னவள், ஒரே ஒரு நிபந்தனை போட்டாள்.

"கேமராவ பீரோவுல வச்சுப் பூட்டி, சாவிய எங்கிட்ட குடுத்துடுங்க."

அம்மா கொடுத்தாள். வேலை போனவள் மாதிரி வீட்டையே சுற்றிச் சுற்றி வந்தாள்.

அவர் வந்தார், சூடு ஆறாத ரொட்டிப் பொட்டலத்தோடு. உட்கார்ந்தார். டீ கொடுத்தோம். அதற்குமேல் என்ன செய்வதென்று எங்கள் யாருக்கும் தெரியவில்லை. அம்மாவின் வலது கை, கேமராவைத் தாங்குவதுபோல், தன் பாட்டுக்குத் தோளருகே தூக்கியபடி நின்றது. அப்பா தலையைச் சாய்த்து எதையோ உற்றுக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"பிரிட்ஜ் இரைச்சல் ரொம்ப வருது. அணைச்சிடவா?" என்றார்.

"எதுக்குப்பா?" என்றாள் அக்கா, பல்லைக் கடித்தபடி.

"இல்ல, சும்மா."

அம்மா பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, "தம்பி, நாற்காலிய கொஞ்சம் வெளிச்சத்துப் பக்கம் நகத்திக்கோங்களேன்" என்றாள். நகர்த்தினார். "இன்னும் கொஞ்சம்." நகர்த்தினார்.

"வீட்ல யாருக்காச்சும் உடம்பு சரியில்லையா?" என்று அவர் அக்காவிடம் மெதுவாகக் கேட்டார்.

அவ்வளவுதான், அக்காவுக்குச் சிரிப்பு பீறிட்டது. சிரித்துக்கொண்டே போய்ப் பீரோவைத் திறந்து, கேமராவைத் தன் தோளில் ஏற்றிக்கொண்டாள்.

"அம்மா, நீ அவர் பக்கத்துல உக்காந்து கேக்க வேண்டியதக் கேளு. நான் எடுக்கறேன்."

அம்மா லென்ஸுக்கு முன்னால் வந்ததே இல்லை. தலைமுடியை மூன்று முறை ஒதுக்கினாள். கேள்வி மறந்துபோனது. கடைசியில் கேமராவைப் பார்த்து, "எங்க பொண்ணுகிட்ட உங்களுக்கு என்ன புடிச்சுது?" என்றாள்.

"என்னப் பாக்காதம்மா. அவரப் பாரு."

அவர் சொன்னார்: "மொத நாள் கடைக்கு வந்தாங்க. கதவத் தள்ளி உள்ள வந்தவங்க அப்படியே வெளிய போய்ட்டாங்க. திரும்ப வந்தாங்க. ஏன்னு கேட்டேன். மொத தடவ வந்தது சரியில்லன்னாங்க. அன்னிக்கே விழுந்துட்டேன்."

முதலில் சிரித்தது அப்பா. பிறகு அம்மா. பழக்கதோஷத்தில் நான் தூக்கியிருந்த மைக், சிரித்த சிரிப்பில் நழுவி விருந்தாளியின் டீக்குள் முங்கியது. அக்காவின் தோள் குலுங்கிக் கேமரா கூரையைப் படம்பிடித்துக்கொண்டிருந்தது. அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு அவர் கையைப் பிடித்தாள்.

"எங்களுக்குச் சம்மதம் மாப்ள. தேதிய நீங்க ரெண்டு பேரே பாத்துச் சொல்லுங்க."

"அது பதிவாகல," என்றார் அப்பா, மைக்கை உதறியபடி. "இன்னொரு தடவ சொல்லு."

அம்மா இன்னும் சத்தமாகச் சொன்னாள்.