ஆறா, அறுபதா?

எங்கள் பட்டறையில் ஓர் எண்ணைச் சுற்றி வட்டம் போட்டிருந்தால் அது துளை. வட்டத்துக்குள் எட்டு இருந்தால் எட்டு மில்லிமீட்டர் துளை போட வேண்டும். அதனால் அருங்காட்சியக மேடம் கொடுத்த தாளில் 1⓪2① என்று பார்த்ததும், கழிவுக்கட்டை ஒன்றில் ஒரு மில்லிமீட்டருக்குத் துளை போட்டேன். பூஜ்ய மில்லிமீட்டருக்கு எப்படிப் போடுவது என்றுதான் அரைமணி நேரம் திருதிருவென்று விழித்தேன்.

மேடம் வந்து பார்த்துவிட்டுச் சிரித்தார். எனக்குச் சுருக்கென்றது.

"மேஸ்திரி, இது துளை இல்ல, அளவு. அந்தக் காலத்துல வெளிநாட்டுல சிலர் புள்ளி வைக்காம இப்படியும் எழுதினாங்க. பூஜ்ய வட்டம்னா முழுக் கோல். ஒண்ணாம் வட்டம் பத்துல ஒரு பங்கு, ரெண்டாவது நூத்துல ஒண்ணு, மூணாவது ஆயிரத்துல ஒண்ணு. ஒரு கோல ஒரு மீட்டர்னு வச்சுக்கங்க. பெருக்கினா கடைசி வட்டங்களக் கூட்டணும், வகுத்தா கழிக்கணும். அவ்ளோதான்."

அவ்வளவுதானாம். படித்தவர்களுக்கு எல்லாமே அவ்வளவுதான்.

செய்ய வேண்டியது பழைய மருந்துக்கடை அலமாரி ஒன்றின் நகல். உயரம் 1⓪2①. முதுகுப்பலகையின் கனம் அந்த உயரத்தில் 5② பங்கு. இடித்த கட்டிடத்திலிருந்து மேடம் அதே வகை மரத்தில் ஒரே ஒரு பலகையைத் தேடிப் பிடித்துக் கொண்டுவந்திருந்தார். ஏழு சென்டிமீட்டர் கனம். இரண்டாவது பலகை கிடையாது. இதைக் கெடுத்தால், அடுத்து மேடம் தரவிருக்கும் பதினோரு அலமாரிகளும் வேறு பட்டறைக்குப் போய்விடும்.

மேடம் தாளின் பின்பக்கம் பழைய முறையிலேயே பெருக்கிக் காட்டினார். 1⓪2① என்பது பத்தில் பன்னிரண்டு பங்கு, அதாவது 12①; அதை 5② ஆல் பெருக்கினால் 60③. பிறகு, "கடைசிப் பூஜ்யத்துக்கு ஏது மதிப்பு?" என்று அதை அடித்துவிட்டு 6③ என்று எழுதினார். "ஆறு மில்லிமீட்டர். பலகைய மெல்லிசா அறுத்துடுங்க. காலைல வந்து பாக்கறேன்."

நான் தலையாட்டினேன். இந்நாளில் எல்லா அலமாரிக்கும் முதுகு ஆறு மில்லிமீட்டர் பிளைவுட்தானே? ஆனாலும் மனசு ஒப்பவில்லை.

எங்கள் பட்டறையின் கணக்கெல்லாம் என் மனைவி கையில். மெருகு பூசுவதும் அவள்தான். தாளை அவளிடம் நீட்டினேன். அவள் வட்டத்துக்குள் இருந்த எண்களையும் சேர்த்து, 1021 ஐ 52 ஆல் பெருக்கிக் கால்குலேட்டரில் தட்டினாள்.

"ஐம்பத்து மூவாயிரத்துத் தொண்ணூத்திரெண்டு வருதுங்க. இது அலமாரியா, அணைக்கட்டா?"

வட்டங்களைப் பற்றி மேடம் சொன்னதை அப்படியே அவளிடம் ஒப்பித்தேன். "சரி, அவங்களே ஆறுன்னு போட்டுட்டாங்களே, நீங்க எதுக்கு மண்டைய ஒடச்சுக்கறீங்க?" என்று மெருகுத் துணியோடு போய்விட்டாள்.

கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டது போல உட்கார்ந்திருந்தேன். டேப்பை இழுத்தேன். மீட்டர் முழுக் கோல் என்றால், பத்து சென்டி ஒன்றாம் வட்டம். சென்டிமீட்டர் இரண்டாவது. மூன்றாவது, அந்தச் சின்னக் கோடு. வாழ்நாளெல்லாம் நான் எண்ணிக்கொண்டிருக்கும் அதே கோடு! ஆறு கோடா, அறுபது கோடா?

வகுத்துப் பார்த்தேன். அறுபதில் பன்னிரண்டு ஐந்து தடவை. மூன்றாம் வட்டத்தில் ஒன்றைக் கழித்தால் இரண்டு. 5②. தாளில் இருப்பதே வந்துவிட்டது. ஆறை வைத்து வகுத்தால் ஐந்தே வரவில்லை, பாதிதான் வந்தது. மறுபடி செய்தேன். மறுபடியும் அப்படித்தான். மேடம் தவறு என்று தோன்றியதும் சந்தோஷம் வரவில்லை, பயம்தான் வந்தது. நான் யார், அவர் யார்?

காலையில் மேடம் வந்தார். பலகை ரம்பத்தின் மேல் கிடந்தது. சுவிட்சில் கை வைத்தவன் எடுத்துவிட்டேன்.

"மேடம், ஆறு இல்ல. அறுபது."

"பூஜ்யத்த எடுத்தாலும் ஒண்ணுதானே மேஸ்திரி?"

"எடுங்க மேடம், வேணாங்கல. ஆனா வேலைய விட்டு ஆளத் துரத்தினா அவன் சட்டையில குத்தியிருக்கற நம்பர் வில்லையையும் வாங்கிக்கணும்ல? நீங்க பூஜ்யத்தத் துரத்திட்டு, அவன் வில்லையத் தூக்கி ஆறுக்கு மாட்டிட்டீங்க. ஆறோட வில்லை ரெண்டாவது வட்டம்."

மேடம் தாளைப் பார்த்தார். அப்புறம் கைப்பேசியை எடுத்துத் தட்டினார். முகம் சிவந்தது. திரையை என்னிடம் திருப்பிக் காட்டினார்.

0.06.

நான் பார்த்தேன். இரண்டு பூஜ்யம், ஓர் ஆறு, நடுவில் ஒரு புள்ளி. ஐந்தாம் வகுப்பில் என்னைப் பள்ளிக்கூடத்தை விட்டே ஓடவைத்த அதே புள்ளி. இடம் தப்பி வைத்ததற்காக வகுப்பு முழுக்கச் சிரித்தது. அதற்கப்புறம் நான் புள்ளி பக்கம் போனதே இல்லை. இத்தனை வருஷமும், "எனக்கு நேரமில்ல, நீயே போடு" என்று கணக்கையெல்லாம் மனைவியிடம் தள்ளிவிட்டதன் ரகசியம் அவளுக்கே தெரியாது. அவள் மெருகுக் கிண்ணத்தோடு பக்கத்தில்தான் நின்றுகொண்டிருந்தாள்.

இதற்கு மேல் மென்று விழுங்க முடியவில்லை.

"மேடம், இதுல புள்ளி இருக்கு. எனக்குப் புள்ளி தெரியாது. நான் சொன்னது சரியா, தப்பா?"

மேடம் வாயைத் திறப்பதற்குள் மனைவி கிண்ணத்தைக் கீழே வைத்தாள். என் காதில் செருகியிருந்த பென்சிலை உருவி, பலகையின் மேலேயே பெரிதாக எழுதினாள். 0⓪0①6②.

"இத முன்னாடியே சொன்னா என்னவாம்?" என்றாள், என்னைப் பார்க்காமல்.

பலகையை ரம்பத்திலிருந்து இறக்கிவிட்டு இழைப்புளியை எடுத்தேன். ஏழு சென்டியிலிருந்து ஆறு சென்டிக்கு இழைக்க வேண்டும். மேல்பக்கம் இழைத்தால் அவள் எழுதியது போய்விடும். பலகையைப் புரட்டிப் போட்டேன்.